இதோ வந்துட்டேன்

மாயவரம் ரயில் நிலையத்துக்கு எதிரே என் அப்பா ஒரு சின்ன ஓட்டல் வைத்திருந்தார். 6 மேஜை, ஒரு கல்லா, பின்கட்டில் விறகடுப்பு. 1968இல் எனக்கு 11 வயது. பள்ளிக்கூடம் விட்டு வந்ததும் சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டிவிட்டுச் சாம்பார் வாளியைத் தூக்கிக்கொள்வேன். பாசஞ்சர் வருவதற்குக் கால் மணி நேரம் இருக்கும்போதுதான் கூட்டம் முண்டியடிக்கும். எல்லோருக்கும் ரயிலைப் பிடிக்க வேண்டும். “தம்பி, சட்னி!” “டேய் தம்பி, தண்ணி எங்கடா?” “சாம்பார்!” எந்தக் குரல் எந்த மேஜையிலிருந்து வருகிறது என்று திரும்பிப் பார்ப்பதற்குள் வாய் தானாகச் சொல்லிவிடும்: “இதோ வந்துட்டேன் சார்.”

அப்பா எனக்குக் கற்றுக்கொடுத்த முதல் தொழில் பாடம் அது. சரக்கு வர நேரமானாலும் பதில் வர நேரமாகக் கூடாது. கூப்பிட்டவன் காதில் ஒரு சொல் விழுந்துவிட்டால் பாதிப் பசி அடங்கும் என்பார்.

8 வருஷம் கழித்து, பி.ஏ. ஆங்கில வகுப்பில் உட்கார்ந்திருந்தபோது அதே சொல் ஷேக்ஸ்பியரின் நாடகத்திலிருந்து என்னைக் கூப்பிட்டது. அதன் பெயர் ‘அனான்’. ஆங்கிலத்தில் இன்று அநேகமாக யாரும் பேசாத வினையடை. 33 வருஷம் அரசுப் பள்ளியில் ஆங்கிலம் சொல்லிக்கொடுத்து ஓய்வு பெற்றிருக்கிறேன். அந்த மொழியில் எனக்கு நெருக்கமான சொல் எது என்று கேட்டால் இதைத்தான் சொல்வேன்.

நாடகம் ‘நான்காம் ஹென்றி’, முதல் பாகம். 1598இல் அச்சேறியது. இரண்டாம் அங்கம், நான்காம் காட்சி. லண்டனில் ஈஸ்ட்சீப் என்ற பகுதியில் ஒரு மதுக்கடை. அங்கே பிரான்சிஸ் என்று ஒரு பையன், பீப்பாயிலிருந்து மது வடித்து மேஜை மேஜையாகக் கொண்டுபோய்க் கொடுக்கிறவன். இளவரசன் ஹால் அவனை வைத்து வேடிக்கை பார்க்க நினைக்கிறான். நண்பன் பாயின்ஸைப் பக்கத்து அறையில் நிறுத்தி, பையனின் பெயரைச் சொல்லி விடாமல் கூப்பிடச் சொல்கிறான். தான் இந்தப் பக்கம் அவனை நிறுத்திப் பேச்சுக் கொடுக்கிறான். உள்ளே இருந்து “பிரான்சிஸ்!” என்று குரல் வரும்போதெல்லாம் பையன் “அனான், அனான் சார்” என்கிறான். இதுதான் விளையாட்டு.

எங்கள் பேராசிரியர் அந்தப் பகுதியைக் கீச்சுக்குரலில் நடித்துப் படித்துக் காட்டினார். வகுப்பே சிரித்தது. எனக்குச் சிரிப்பு வரவில்லை. உள்ளங்கையில் வாளிப் பிடியின் சூடுதான் வந்தது.

அந்தச் சொல்லின் பிறப்பைப் பார்த்துவிட்டு மறுபடி அந்தக் கடைக்கு வருகிறேன். பழைய ஆங்கிலத்தில் ‘ஆன்’ என்றால் ஒன்று. ‘ஒன் ஆன்’ என்றால் ‘ஒன்றில்’, ‘ஒன்றுக்குள்’. பல அசைவுகள் இல்லாமல் ஒரே அசைவாக, ஒரே போக்காக என்று பொருள் விரிந்து, ‘நேராக’ என்றாகி, அங்கிருந்து ‘உடனே’ என்று நிலைத்தது. இரண்டு சொல்லும் ஒட்டிக்கொண்டு ‘அனான்’ ஆயின. தமிழில் ‘உடனே’ பிறந்த விதமும் இதற்கு வெகு பக்கத்தில் இருக்கிறது. உடன் என்றால் கூட, சேர்ந்து. சொன்னதும் செய்வதும் சேர்ந்தே நடந்தால் அது உடனே. ஒன்றாக இருப்பதும் தாமதமில்லாமல் இருப்பதும் ஒரே விஷயம் என்று இரண்டு மொழிக்காரர்களும் தனித்தனியே கண்டுகொண்டிருக்கிறார்கள்.

அந்த ‘ஆன்’ ஆங்கிலத்தில் பெரிய குடும்பி. ஒன்றைக் குறிக்கும் ‘ஒன்’ அதன் நேர் வாரிசு. பெயர்ச்சொல்லுக்கு முன்னால் வருகிற ‘எ’, ‘அன்’ இரண்டும் அதிலிருந்து தேய்ந்தவை. தனிமையைச் சொல்லும் ‘அலோன்’ என்பது ‘முழுக்க ஒன்று’. பாவத்துக்கு ஈடுசெய்து சமாதானமாவதைச் சொல்லும் ‘அடோன்’ என்பது ‘ஒன்றாக இருத்தல்’. இன்னொரு செய்தி, இதை வகுப்பில் சொல்லும்போதெல்லாம் என் குரல் கொஞ்சம் உயர்ந்துவிடும்: அனான் தேய்ந்து போனபின் அதன் இடத்தில் வந்து உட்கார்ந்த ‘அட் ஒன்ஸ்’ இருக்கிறதே, அதுவும் இதே ‘ஆன்’ வயிற்றில் பிறந்ததுதான். அண்ணன் விட்டுப்போன கல்லாவில் தம்பி வந்து உட்கார்ந்த மாதிரி.

ஏன் தேய்ந்தது? 1400இல் இறந்துபோன சாசரின் கதைகளில் ‘அனான்’ வரிக்கு வரி வருகிறது என்றே சொல்லலாம். பெரும்பாலும் ‘அப்போதே, அந்த நொடியே’ என்ற பொருளில். அதன் பிறகு மெல்ல மெல்ல இறக்கம். ‘அந்த நொடியே’ என்பது ‘சீக்கிரம்’ ஆகி, ‘கொஞ்ச நேரத்தில்’ ஆகி, ‘பிறகு பார்க்கலாம்’ வரை வந்து நின்றது. 1755இல் சாமுவேல் ஜான்சன் தன் அகராதியில் இந்தச் சொல்லுக்குப் பொருள் எழுதும்போது ‘விரைவில், சிறிது நேரத்தில்’ என்ற அளவுக்கு அது இறங்கிவிட்டது.

இந்த இறக்கத்தைக் கையால் தொட்டுப் பார்க்க வேண்டுமானால் 1611இல் வெளிவந்த ஜேம்ஸ் மன்னர் பைபிளைத் திறக்கலாம். மத்தேயு 13ஆம் அதிகாரம், விதைக்கிறவன் உவமை. பாறை நிலத்தில் விழுந்த விதையைப் பற்றி அடுத்தடுத்து இரண்டு வசனங்கள், 20ம் 21ம். கிரேக்க மூலத்தில் இரண்டிலும் ‘உடனே’ என்று பொருள்படும் ஒரே சொல்தான் இருக்கிறது. ஆங்கிலத்தில் முதல் இடத்தில் ‘அனான்’ என்று போட்டார்கள், அடுத்த இடத்தில் ‘பை அண்ட் பை’ என்று போட்டார்கள். ‘பை அண்ட் பை’யைச் ‘சாவகாசமாக’ என்றுதானே நாம் படித்திருக்கிறோம்? அன்று அதற்கும் ‘உடனே’ என்றுதான் பொருள். யோவான் ஸ்நானனின் தலையை ஒரு தட்டில் கேட்கிற பெண், மாற்கு 6ஆம் அதிகாரத்தில், அந்தப் பைபிளில் ‘பை அண்ட் பை’ என்றுதான் கேட்கிறாள். நம்முடைய தமிழ் வேதாகமம் ‘இப்பொழுதே’ என்று போட்டிருக்கிறது, அதுதான் சரி. ஆங்கிலம் மட்டும் தெரிந்த இன்றைய வாசகர் அந்த இடத்தைப் படித்தால், பாவம், அந்தப் பெண் அவசரப்படவில்லை, நேரம் கிடைக்கும்போது கொடுங்கள் என்கிறாள் என்று நினைத்துக்கொள்வார். 1881இல் புதிய ஏற்பாட்டைத் திருத்தியவர்கள் இந்த ஆபத்தை உணர்ந்து, மத்தேயுவின் இரண்டு வசனங்களிலும் ‘ஸ்ட்ரெயிட்வே’ என்றும், மாற்குவில் ‘ஃபோர்த்வித்’ என்றும் மாற்றினார்கள். இன்று அந்த இரண்டுமே பழஞ்சொற்களாகிவிட்டன.

இன்று ‘சீக்கிரம்’ என்று நாம் எழுதும் ‘சூன்’, பழைய ஆங்கிலத்தில் ‘சோனா’ என்ற உருவத்தில் ‘அக்கணமே’ என்று பொருள் தந்தது. ‘பிரசன்ட்லி’யும் ஒரு காலத்தில் ‘இந்தக் கணமே’. இப்போது இங்கிலாந்தில் அதற்குக் ‘கொஞ்ச நேரத்தில்’ என்று பொருள். நாமோ ‘தற்போது’ என்ற பொருளில் எழுதுகிறோம். ஸ்காட்லாந்திலும் அமெரிக்காவிலும் அப்படி எழுதுகிறவர்கள் உண்டு. நான் பள்ளியில் கையெழுத்துப் போட்ட படிப்புச் சான்றிதழ்களில் எல்லாம் ‘மாணவன் பிரசன்ட்லி ஒன்பதாம் வகுப்பு படிக்கிறான்’ என்றுதான் இருக்கும். என் பழைய மாணவி ஒருத்தி இங்கிலாந்தில் ஒரு மருத்துவமனைக்குப் போனபோது, டாக்டர் பிரசன்ட்லி பார்ப்பார் என்று வரவேற்பில் சொன்னார்களாம். எழுந்து நேராகக் கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே போய்விட்டாள். அவள் படித்த ஆங்கிலத்தில் அவள் செய்தது சரி. கார்ன்வால் பக்கம் ‘டைரக்ட்லி’ என்ற சொல் ‘டிரெக்லி’ என்று உருமாறி, எப்போதாவது ஒருநாள் நடக்கும் என்ற அளவுக்கு நீண்டுவிட்டது. தென்னாப்பிரிக்க ஆங்கிலத்தில் ‘ஜஸ்ட் நௌ’ வருகிறேன் என்றால் நீங்கள் ஒரு தூக்கம் போட்டுவிட்டு எழுந்திருக்கலாம்.

சட்டத்தையும் பாருங்கள். குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 157ஆம் பிரிவு, ஒரு குற்றம் பற்றித் தகவல் வந்ததும் காவல் நிலையப் பொறுப்பாளர் மாஜிஸ்திரேட்டுக்கு ‘ஃபோர்த்வித்’ அறிக்கை அனுப்ப வேண்டும் என்றது. 2024 ஜூலை முதல் அதன் இடத்தில் வந்திருக்கும் புதிய சட்டத்திலும் அந்தக் கடமை இருக்கிறது. ‘ஃபோர்த்வித்’ என்றால் அந்த நிமிடமே என்று இறுக்கிப் பிடிக்க வேண்டியதில்லை, தேவையற்ற தாமதம் இல்லாமல் என்று கொள்ள வேண்டும் என்று நீதிமன்றங்கள் விளக்கியிருக்கின்றன. நியாயம்தான். ஆனால் இன்னொரு ‘உடனே’யின் கயிறும் ஒரு முழம் தளர்ந்துவிட்டது.

சொல்லுக்கு வயதாகித் தளர்வதில்லை. ‘உடனே’ என்று சொல்லிவிட்டு மெதுவாக வருகிறவர்கள் நாம். கேட்கிறவர் நாலு தடவை ஏமாந்தபின், ‘இவர் உடனே என்றால் அரை மணி’ என்று மனசுக்குள் கழித்துக்கொள்கிறார். எல்லோரும் அப்படிக் கழிக்க ஆரம்பித்ததும் அந்தக் கழித்த மீதியே சொல்லின் பொருளாகிவிடுகிறது. அப்புறம் நிஜமாகவே அவசரம் வரும்போது புதுச் சொல் தேட வேண்டியிருக்கிறது. ‘பிறகு’ என்ற பொருளுள்ள சொல் ஏதாவது காலப்போக்கில் ‘உடனே’ என்று மேலேறியதா என்று பல வருஷம் தேடினேன். ஒன்றுகூட என் கையில் சிக்கவில்லை.

ஈஸ்ட்சீப்புக்குத் திரும்புகிறேன். அந்தக் காட்சியை நிதானமாகப் படித்தால் ஒன்று தெரியும். பிரான்சிஸ் தன்னைப் பற்றி ஏதாவது சொல்ல வாயெடுக்கும் ஒவ்வொரு தடவையும் அந்தக் குரல் குறுக்கே விழுகிறது. எத்தனை வருஷம் இந்தக் கடையில் வேலை பார்க்க ஒப்பந்தம் என்று இளவரசன் கேட்கிறான். இன்னும் 5 வருஷம் என்கிறான் பையன். முதலாளியை விட்டு ஓடிப்போகத் துணிச்சல் உண்டா என்ற கேள்விக்கு, தன் மனசில் இருப்பதைச் சொல்ல ஆரம்பிக்கிறான். கூப்பிடுகிறார்கள். வயது என்ன? அடுத்த மிக்கேல் திருநாள் வந்தால் எனக்கு இத்தனை என்று சொல்லப் போகிறான். கூப்பிடுகிறார்கள். 400 வருஷத்துக்கு மேலாகிவிட்டது, அந்தப் பையனின் வயது என்ன என்று இன்னும் நமக்குத் தெரியாது.

அவன் அதற்கு முன்னால் இளவரசனுக்கு ஒரு பென்னி பெறுமான சர்க்கரையை அன்போடு கையில் திணித்திருக்கிறான். அதைச் சொல்லிக் காட்டி, அதற்குப் பதிலாக 1000 பவுன் தருகிறேன், நீ எப்போது கேட்டாலும் கிடைக்கும் என்கிறான் இளவரசன். அந்த நொடியில் பக்கத்து அறையிலிருந்து குரல். “அனான், அனான்” என்று அந்தப் பக்கம் பார்த்துச் சொல்கிறான் பையன். அதைத் தனக்குச் சொன்ன பதிலாக எடுத்துக்கொண்டு, இப்போதேயா வேண்டும் என்று இளவரசன் திருப்புகிறான். நாளைக்கு என்கிறான், இல்லாவிட்டால் வியாழக்கிழமை என்கிறான்.

இந்த இடத்தை வகுப்பில் நடத்தும்போது நான் புத்தகத்தை மூடிவிடுவேன். ‘கேட்ட நேரத்தில்’ என்பது நம் கண் முன்னாலேயே ‘நாளை’ ஆகி ‘வியாழக்கிழமை’ ஆகிறது. ஒரு சொல் 300 வருஷத்தில் இறங்கின படிகளை இளவரசன் ஒரே மூச்சில் இறங்கிவிட்டான். பையனின் ‘அனான்’ அப்படி இல்லை. கூப்பிட்ட பக்கம் போகத்தான் அவன் துடிக்கிறான். போக விடாமல் நிறுத்தி வைத்திருப்பவன் எதிரே நிற்கிறவன். இந்த விளையாட்டின் கடைசியில் இருவரும் இரண்டு பக்கமிருந்தும் ஒரே நேரத்தில் கூப்பிட, எந்தப் பக்கம் போவதென்று தெரியாமல் திகைத்து நிற்கிறான். மது விற்பவர் உள்ளே வந்து, இத்தனை கூப்பாடு கேட்டும் நிற்கிறாயே என்று அவனையே திட்டுகிறார். ‘ஒன்றில்’ என்று பிறந்த சொல் அது. இரண்டு பேர் இரண்டு பக்கம் இழுத்தால் அந்தச் சொல்லால் என்ன செய்ய முடியும்?

அவனுக்குக் கிளியைவிடக் குறைவான சொற்கள்தான் தெரியும் என்று இளவரசன் பிறகு சொல்கிறான். எனக்கு அந்த நாடகத்தில் உடன்பாடில்லாத இடம் அதுதான். அவனுக்குச் சொற்கள் இருந்தன; முடிக்க விடவில்லை.

அதே ஷேக்ஸ்பியரிடம் இந்தச் சொல் வேறு வாய்களிலும் வருகிறது. மாடத்தில் நின்று ரோமியோவோடு பேசிக்கொண்டிருக்கும் ஜூலியட்டைத் தாதி உள்ளே இருந்து கூப்பிடும்போது அவளும் ‘அனான்’ என்கிறாள். இன்னும் இரண்டு வார்த்தை பேசிவிட்டு வர ஒரு சாக்கு. ‘மேக்பெத்’தில் கொலை நடந்த இரவுக்கு மறுநாள் விடியலில் கோட்டைக் கதவைத் தட்டுகிறார்கள், போதை தெளியாத காவல்காரன் ‘அனான், அனான்’ என்று சொல்லிவிட்டு ஆடி அசைந்து போகிறான். காதலிக்கு அது அவகாசம், குடிகாரனுக்கு அது சோம்பல், வேலைக்காரப் பையனுக்கு அது பயம்.

‘ஒவ்வொரு சமயம், விட்டு விட்டு’ என்று பொருள் தரும் ‘எவர் அண்ட் அனான்’ என்ற தொடரையும் அவர் கையாண்டிருக்கிறார். இதே நாடகத்தில், போர்க்களத்துக்கு வாசனைப் பொருளோடு வந்து அதை அடிக்கடி மூக்கருகே கொண்டுபோகிற ஒரு சிங்காரப் பிரபுவைப் பற்றிச் சொல்லும் இடத்தில் அது வரும். இன்றைய ஆங்கிலத்தில் அனான் உயிரோடிருக்கும் இடங்கள் சொற்பம். கடிதத்தின் முடிவில், ‘மற்றவை அனான்’ என்று எழுதுவார்கள். பிரியும்போது ‘சீ யூ அனான்’ என்பார்கள். இரண்டிலும் கொஞ்சம் பழமையை வேண்டுமென்றே பூசிக்கொள்கிற பாவனை உண்டு. அலுவலகக் கடிதத்திலோ தேர்விலோ இதை எழுத வேண்டாம் என்று மாணவர்களிடம் சொல்லியிருக்கிறேன். நெருங்கிய நண்பருக்கு எழுதும் கடிதத்தில் வைத்துப் பார்க்கலாம்.

ஒரு குழப்பத்தையும் தீர்த்துவிடுகிறேன். ஆங்கிலப் பாடப்புத்தகத்தில் கவிதைக்குக் கீழே ‘அனான்’ என்று போட்டிருப்பார்களே, அது வேறு. பெயரில்லாதவர் என்ற கிரேக்க வழிச் சொல்லின் சுருக்கம். ‘சார், அனான் எந்த ஊர்க் கவிஞர்?’ என்று வருஷத்துக்கு ஒரு பிள்ளையாவது கேட்கும். நல்ல கேள்வி என்று நான் சந்தோஷப்படுவேன். வர்ஜீனியா வுல்ஃப் 1929இல், இப்படிப் பெயர் போடாமல் எழுதியவர்கள் பலரும் பெண்களாக இருந்திருக்கலாம் என்று ஊகித்தார். அவர் கடைசிக் காலத்தில் எழுதி முடிக்காமல் விட்ட கட்டுரை ஒன்றின் தலைப்பே ‘அனான்’தான். நம்மிடமும் பெயர் தெரியாமல் போனவர்கள் உண்டு. செம்புலப் பெயனீரார் என்பது அவர் எழுதிய உவமையை வைத்து நாம் இட்ட பெயர். நம் ஆட்கள் அவர்களுக்கு ஒரு பெயராவது வைத்தார்கள் என்பதில் எனக்குப் பெருமை.

ஆக்ஸ்ஃபோர்டு பேரகராதியின் முதல் பகுதி 1884இல் வெளிவந்தபோது அதில் இருந்தவை முதல் எழுத்திலிருந்து ‘ஆன்ட்’ வரையிலான சொற்கள். அனான் அதற்குள் வந்துவிடுகிறது. அதன் ஆசிரியர் ஜேம்ஸ் மர்ரே மில்ஹில்லில் ஒரு தகரக் கொட்டகையில், ஆயிரக்கணக்கான வாசகர்கள் துண்டுச் சீட்டில் எழுதி அனுப்பிய மேற்கோள்களை வைத்துக்கொண்டு இந்தச் சொற்களின் ஜாதகத்தைக் கணித்தார். முழு அகராதியும் முடிய 1928 ஆயிற்று. அவர் அதைப் பார்க்க உயிரோடு இல்லை.

2009இல் எங்கள் பள்ளி ஆண்டு விழாவுக்கு இந்தக் காட்சியைத் தமிழில் போடலாம் என்று நினைத்தேன். ஒன்பதாம் வகுப்புப் பையன்கள். எல்லாவற்றையும் ஒரு வாரத்தில் எழுதிவிட்டேன், இந்த ஒரு சொல்லைத் தவிர. ‘உடனே ஐயா’ என்று எழுதினேன். கட்டளைக்குப் பணிகிற சிப்பாய் மாதிரி இருந்தது. ‘இப்போதே வருகிறேன்’ என்று எழுதினேன், நாக்கில் ஏறவில்லை. கடைசியில் ‘உடனே வருகிறேன் ஐயா’ என்று வைத்து ஒத்திகைக்குப் போனேன்.

பிரான்சிஸாக நடித்த பையன் சாயங்காலங்களில் பஸ் ஸ்டாண்டில் அவன் மாமாவின் பரோட்டா கடையில் ஒத்தாசைக்கு நிற்பவன். உள்ளே இருந்து குரல் வந்தது. அவன் நான் எழுதியதைச் சொல்லவே இல்லை. “வந்துட்டேண்ணே, வந்துட்டேன்” என்றான். சொல்லிவிட்டு நாக்கைக் கடித்துக்கொண்டு என்னைப் பார்த்தான். “மறந்துட்டேன் சார்.”

வராமலே வந்துவிட்டேன் என்கிறோம். காலவழுவமைதி என்று நாம் பள்ளிக்கூடத்தில் படித்தது. தொல்காப்பியம் சொல்லதிகாரத்தின் வினையியலில் இதற்கென்றே ஒரு நூற்பா இருக்கிறது: வரப்போவதையும் நடந்துகொண்டிருப்பதையும் இறந்தகாலத்தில் சொன்னால் அது விரைவைக் காட்டும் என்று. உரையாசிரியர் சேனாவரையர் அதற்குத் தரும் உதாரணம் சாப்பாட்டு இடத்திலிருந்தே வருகிறது. கிளம்பியாக வேண்டிய ஒருவன், இன்னும் சாப்பிடவில்லையா என்று கேட்க, இன்னும் சாப்பிட்டிராதவன், சாப்பிட்டேன், வந்தேன் என்கிறான். ஆங்கிலம் அவசரத்தைக் காட்ட ஒரு வினையடையை வைத்துக்கொண்டு, அது தேயத் தேய வேறொன்றைத் தேடியது. தமிழ் அந்த வேலையை வினைமுற்றின் காலத்திடமே ஒப்படைத்தது. மாயவரத்தில் நான் ஆயிரம் தடவை சொன்ன வாக்கியம் இலக்கணத்தில் இருக்கிறது என்று அன்றைக்குத்தான் எனக்கு உறைத்தது. பிரதியில் என் வரியை அடித்துவிட்டு அவன் சொன்னதை எழுதிக்கொண்டேன்.

விழா அன்று கடைசிக் கட்டத்தில் இரண்டு பக்கத்திலிருந்தும் கூப்பிட்டார்கள். திகைத்து நின்று சபையைப் பார்க்க வேண்டும் என்று சொல்லிக்கொடுத்திருந்தேன். அவன் சபையைப் பார்க்கவில்லை. இடது பக்கம் இரண்டடி ஓடினான். நின்றான். வலது பக்கம் இரண்டடி ஓடினான். நடுவில் வந்து நின்று, இடுப்பில் கட்டியிருந்த துண்டில் கையை அழுத்தி அழுத்தித் துடைத்துக்கொண்டே இருந்தான். நான் அதைச் சொல்லிக்கொடுக்கவில்லை. முதல் வரிசையில் பிள்ளைகள் சிரித்தார்கள். பின்வரிசையில், வேலை முடிந்து அப்படியே வந்திருந்த அப்பாக்கள் பக்கத்தில், சத்தமே இல்லை.

திரை விழுந்ததும் அவனைத் தேடினேன். வேஷத்தைக்கூட முழுக்கக் கலைக்காமல் சைக்கிளை எடுத்துக்கொண்டிருந்தான். “நாளைக்குப் பேசலாம் சார், கடையில கூட்டம் வந்திருக்கும்” என்றான்.